காலத்துக்கு வைத்தியம் பார்க்கிறவர்கள்

பழைய காலத்துக்குள் போய், அங்கே நடந்த தப்பைச் சரிசெய்துவிட்டு, யாருக்கும் தெரியாமல் திரும்பி வந்துவிடும் ஒரு ரகசியக் கூட்டம். இந்தக் கற்பனையை வைத்துக்கொண்டு மேற்கில் எழுபது எண்பது வருஷமாகக் கதை எழுதித் தள்ளியிருக்கிறார்கள். காலத்தில் எங்கோ ஒரு காயம். அது சீழ் பிடித்து, பின்னால் வரும் நூற்றாண்டுகளையும் அழுகவைக்கிறது. கூட்டத்தின் ஆள் ஒருவன் போகிறான், கட்டுப்போடுகிறான், வருகிறான். படிக்கிறவனுக்கு ஒரு நிம்மதி.

‘பொழுதுபோக்குச் சரக்கு, இதுக்கு இங்க என்ன வேலை’ என்று தோழர்கள் கேட்கலாம். எனக்கு வேலை இருக்கிறது. சேரியில் பிறந்தவனுக்குக் கடந்த காலம் ஆறாத புண். அதை ஆற்றுகிறேன் என்று எவன் வந்தாலும் அவனிடம் கேட்க மூன்று கேள்விகள் உண்டு. யாருடைய காயம்? வைத்தியன் யார்? படுத்திருக்கிறவனை ஒரு வார்த்தை கேட்டாயா?

1982இல் சென்னையில் கல்லூரி விடுதியில் இருந்தேன். மூர் மார்க்கெட் இன்னும் எரியாத காலம் அது, 1985இல்தான் எரிந்தது. அங்கே பழைய புத்தகக் கடையில் இரண்டு ரூபாய்க்கு அட்டை கிழிந்த ஒரு நாவல் கிடைத்தது. ஐசக் அசிமோவ் எழுதிய ‘தி எண்ட் ஆஃப் எடர்னிட்டி’. 1955இல் வந்தது. எனக்கு அப்போது இங்கிலீஷ் அவ்வளவாக வராது. லிப்கோ அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு ஒரு மாதம் படித்தேன்.

காலத்துக்கு வெளியே ‘நித்தியம்’ என்று ஒரு அமைப்பு. அதில் இருப்பவர்கள் பல நூற்றாண்டுகளுக்குள்ளும் இறங்குவார்கள், ஏறுவார்கள். எந்த நூற்றாண்டில் மனிதர்களுக்குத் துன்பம் வரப்போகிறது என்று கணக்குப் போட்டுப் பார்த்து, முன்கூட்டியே போய் எதையாவது மாற்றிவிடுவார்கள். மாற்றம் சின்னதாக இருக்க வேண்டும் என்பதுதான் அவர்களுடைய தொழில் தர்மம். ஒரு அலமாரித் தட்டில் இருக்கும் டப்பாவை எடுத்து இன்னொரு தட்டில் வைத்தால் போதும். ஒரு வண்டியைக் கெடுத்துவைத்தால் ஒரு பையன் ஒரு வகுப்புக்குப் போகாமல் போவான். அதனால் ஒரு கருவி பத்து வருஷம் தள்ளிப்போகும். அதனால் அடுத்த நூற்றாண்டில் ஒரு யுத்தமே நடக்காது. கேட்க நன்றாகத்தான் இருக்கிறது.

அந்த அமைப்புக்குள்ளும் படிநிலை இருக்கிறது. மேலே ஒரு பேரவை. கணக்குப் போடுகிறவர்கள் தனி. கவனித்துக் குறிப்பெடுப்பவர்கள் தனி. கடைசியில் போய்க் கையை வைத்து அந்த மாற்றத்தைச் செய்கிறவனுக்கு டெக்னீஷியன் என்று பேர். கதாநாயகன் ஹார்லன் ஒரு டெக்னீஷியன். அவன் தோளில் அதற்கான அடையாளச் சின்னம் உண்டு. அவன் வந்தால் மற்றவர்கள் பேச்சை நிறுத்துகிறார்கள், ஒதுங்கி நடக்கிறார்கள், முகத்தைப் பார்ப்பதில்லை. கோடிக்கணக்கானவர்களின் வாழ்க்கை ஒரு மாற்றத்தில் அழிகிறது அல்லவா? அந்தப் பாவத்தையெல்லாம் அவன் ஒருத்தன் தலையில் ஏற்றிவிட்டு, உத்தரவு போட்டவர்கள் சுத்தமாக இருந்துகொள்கிறார்கள்.

இந்த இடத்தை அறையில் இருந்த நண்பனுக்கு மொழிபெயர்த்துச் சொன்னேன். தஞ்சாவூர் ஜில்லாக்காரன். அவன் சிரித்துக்கொண்டே சொன்னான்: “இவ்வளவு கஷ்டப்பட்டு இங்கிலீஷ்ல படிக்கிறியே, அவன் வெட்டியான்டா. சாவைத் தீர்மானிக்கிறது பெரிய வீடு. குழி வெட்டுறது நம்ம ஆளு. தீட்டு யாருக்குன்னா, வெட்டுனவனுக்கு.”

நாற்பது வருஷத்துக்கு மேல் ஆகிவிட்டது. அந்த நாவலைப் பற்றி எத்தனையோ கட்டுரைகள் படித்துவிட்டேன். என் நண்பன் சொன்னதற்கு மேல் எதுவும் என்னிடம் ஒட்டவில்லை. ஒரு வித்தியாசத்தை மட்டும் சொல்ல வேண்டும். ஹார்லனுடைய கையில் அதிகாரம் இருக்கிறது. அவன் நினைத்தால் அந்த அமைப்பையே இல்லாமல் ஆக்க முடியும், கடைசியில் அதைத்தான் செய்கிறான். நம் ஊர் வெட்டியானுக்கு அந்த மண்வெட்டியைக் கீழே போடுவதற்கே எத்தனை தலைமுறை ஆயிற்று!

ஒதுக்கத்தைவிட என்னைத் தொந்தரவு செய்தது இன்னொன்று. நித்தியம் ஒரு மாற்றத்தைச் செய்துவிட்டால் அதற்கு முன்னால் இருந்த வாழ்க்கை யாருக்கும் ஞாபகம் இருக்காது. அடிபட்டவனுக்கும் இருக்காது, அடித்தவனுக்கும் இருக்காது. சில பேர் வேறு ஆட்களாகிவிடுவார்கள். சில பேர் பிறந்தே இருக்க மாட்டார்கள். இதை எப்படி ஆறின புண் என்று சொல்வது? புண்ணைச் சுமந்த உடம்பையே எடுத்துவிட்டார்கள். பேரேடுகள் மட்டும் அந்த அமைப்பிடம் பத்திரமாக இருக்கும். நம் சரித்திரத்தை நம்மைத் தவிர மற்றவர்கள் வைத்திருப்பது நமக்குப் புதுசா என்ன?

அதே 1955இல் போல் ஆண்டர்சன் இன்னொரு கூட்டத்தை எழுத ஆரம்பித்தார். ‘டைம் பேட்ரல்’, காலக் காவல்படை. இவர்கள் எதையும் மாற்ற மாட்டார்கள். எவனாவது பின்னால் போய் வரலாற்றை மாற்றினால் அதைத் திரும்பப் பழையபடி ஆக்குவார்கள். ஒரு கதையில் சிலர் பழைய காலத்துக்குப் போய் ரோமைத் தோற்கடித்து கார்த்தேஜை ஜெயிக்கவைத்துவிடுகிறார்கள். அதனால் வேறொரு உலகம் உண்டாகிறது. அங்கே மனிதர்கள் இருக்கிறார்கள், குழந்தைகள் இருக்கிறார்கள், பாட்டு இருக்கிறது. காவல்படைக்காரன் போய் ரோமை ஜெயிக்கவைத்து அந்த உலகத்தையே இல்லாமல் செய்கிறான். அவனுக்கு மனசு கேட்கவில்லைதான். ஆனாலும் செய்கிறான்.

இந்தப் படையை ஏற்படுத்தியது யார் தெரியுமா? பத்து லட்சம் வருஷத்துக்கும் அப்பால், எதிர்காலத்தில் வாழ்கிற, மனித நிலையைத் தாண்டிய ஒரு இனம். வரலாறு நடந்தபடியே நடந்தால்தான் அவர்கள் பிறக்க முடியும். அதனால் காவல் போட்டார்கள். எவ்வளவு ஒளிவுமறைவு இல்லாத பேச்சு! நடந்த கொடுமை நடந்தபடியே இருக்க வேண்டும் என்று பாதுகாக்கிறவன், அந்தக் கொடுமையின் மேல் வீடு கட்டியிருக்கிறவன். அவனுக்கு எது காயம் என்றால், நிலைமை மாறுவதுதான் காயம்.

இது கதையில் மட்டும் நடக்கவில்லை. 1927 மார்ச் 20ஆம் தேதி மகாடில் பாபாசாகேப் அம்பேத்கரும் ஆயிரக்கணக்கான நம் சனங்களும் சவுதார் குளத்தில் இறங்கித் தண்ணீர் குடித்தார்கள். ஒரு கை தண்ணீர். அசிமோவின் கணக்கில் அது டப்பாவை இடம் மாற்றுகிற அளவுக்குச் சின்னச் செயல். ஆனால் பட்டப்பகலில், தன் பேரைச் சொல்லி, எல்லோரும் பார்க்கச் செய்த செயல். அதற்குப் பிறகு அந்த ஊர் சாதி இந்துக்கள் என்ன செய்தார்கள்? குளத்தில் பஞ்சகவ்யம் ஊற்றி மந்திரம் சொல்லிச் சுத்தம் செய்தார்கள். அவர்களைப் பொறுத்தவரை நாம் குடித்த நாள்தான் காலத்தில் விழுந்த காயம். அவர்கள் அதற்கு வைத்தியம் பார்த்தார்கள். ‘யாருடைய காயம்’ என்ற கேள்வியை நான் முதலில் வைத்ததற்குக் காரணம் இதுதான்.

இனி எங்கள் வீட்டுக் காயத்துக்கு வருகிறேன்.

எங்க நைனா பழைய வட ஆற்காடு ஜில்லாவில் ஒரு கிராமத்துச் சேரியில் பிறந்தவர். பன்னிரண்டு வயசில் ஒரு பெரிய வீட்டில் மாடு மேய்க்கும் பண்ணையாள். 1948ஆம் வருஷமாக இருக்கலாம். காந்தி செத்த வருஷம் என்றுதான் அவர் சொல்லுவார். ஒரு மத்தியானம் வேலியோரம் தூங்கிப்போய்விட்டார். மாடு மல்லாட்டைக் கொல்லையில் இறங்கிவிட்டது. இரண்டு கையையும் சேர்த்துப் புளியமரத்தில் கட்டி, பொழுது சாய்கிறவரை அடித்தார்கள். கட்டை அவிழ்க்காமல் விட்டுவிட்டுப் போனார்கள். ராத்திரி யாரோ வந்து அவிழ்த்துவிட்டார்கள். விடிவதற்குள் அவர் ஊர் எல்லையைத் தாண்டிவிட்டார். தோல் ஏற்றிப் போன ஒரு மாட்டுவண்டியில் தொற்றிக்கொண்டு பேரணாம்பட்டு வந்து சேர்ந்தார். அங்கே தோல் ஷாப்பில் சுண்ணாம்புத் தொட்டி வேலை. அங்கேதான் எங்க அம்மாவைக் கட்டினார். நாங்கள் நாலு பேர் பிறந்தோம். சாகிறவரைக்கும் அவர் இரண்டு மணிக்கட்டிலும் கயிறு தின்ன தழும்பு வளையல் மாதிரி இருந்தது.

சின்னப் பையனாக இருந்தபோது ராத்திரிகளில் நானே ஒரு ரகசியக் கூட்டம் வைத்திருந்தேன். அதற்குப் பேர் கிடையாது. அசிமோவ் எல்லாம் தெரியாத வயசு. அந்தக் கூட்டத்தின் வேலை ஒன்றே ஒன்றுதான்: அந்த மத்தியானத்துக்குப் போய், தூங்குகிற பையனை எழுப்பிவிடுவது. ‘டேய் எழுந்திரு, மாடு கொல்லையில எறங்குது பாரு.’ அவ்வளவுதான். ஒரு குரல். மாடு திரும்பிவிடும். புளியமரம் புளியமரமாகவே இருக்கும்.

அசிமோவைப் படித்த பிறகு அந்தக் கணக்கை முழுசாகப் போட்டுப் பார்த்தேன். பையனை எழுப்பிவிட்டால் அடி இல்லை. அடி இல்லையென்றால் ஓட்டம் இல்லை. பேரணாம்பட்டு இல்லை, தோல் ஷாப்பு இல்லை, அம்மா இல்லை. நான் இல்லை. அந்தப் பையன் அதே பெரிய வீட்டில் பண்ணையாளாக வளர்ந்து, இன்னொரு மத்தியானம் இன்னொரு காரணத்துக்காக அதே மரத்தில் கட்டப்பட்டிருப்பார். ஒரு மத்தியானத்தைச் சரிசெய்து என்ன ஆகப் போகிறது? அந்த மரத்தில் கட்டலாம் என்கிற சட்டத்தை எந்த மத்தியானத்தில் போய்த் திருத்துவது?

எங்க தம்பி கோபக்காரன். கட்சிக் கூட்டங்களுக்குப் போக ஆரம்பித்த சமயத்தில் ஒருநாள் நைனாவைப் பார்த்துக் கேட்டான்: “அடிச்சவனைத் திருப்பி அடிக்காம ஓடியாந்தியே, உனக்கு ரோசம் இல்லியா? நானா இருந்தா அங்கியே ஒருத்தனை வெட்டியிருப்பேன்.” நைனா பீடியை அணைத்துவிட்டுச் சொன்னார்: “நான் வெட்டியிருந்தா நீ இருந்திருக்க மாட்டடா. கேக்கறதுக்கு இன்னிக்கு நீ இருக்கிறதே நான் ஓடியாந்ததாலதான்.”

1996இல் வெளிநாட்டில் வேலை பார்த்த ஒரு நண்பர் எனக்கு ஆக்டேவியா பட்லரின் ‘கின்ட்ரெட்’ நாவலைக் கொண்டுவந்து கொடுத்தார். 1979இல் வந்த புத்தகம். எங்க நைனாவும் தம்பியும் பேசிக்கொண்ட பேச்சுதான் அந்த நாவலின் விதை என்று பிறகு தெரிந்துகொண்டேன். பட்லர் கல்லூரியில் படித்த காலத்தில் ஒரு கறுப்பின இளைஞர், நம்மை இவ்வளவு நாள் கீழேயே வைத்திருந்த அந்தப் பழைய தலைமுறையைக் கொன்றுவிடலாம் போலிருக்கிறது, ஆனால் என் அப்பா அம்மாவிலிருந்து ஆரம்பிக்க வேண்டியிருக்கும் என்கிற மாதிரி பேசினாராம். பட்லர் 1947இல் கலிபோர்னியாவில் பசடேனாவில் பிறந்தவர். அப்பா செருப்புக்குப் பாலிஷ் போடுகிறவர். சின்ன வயசிலேயே போய்விட்டார். அம்மா வெள்ளைக்காரர் வீடுகளில் வீட்டுவேலை செய்தார். அந்த வீடுகளுக்குள் பின்வாசல் வழியாகத்தான் போக வேண்டும். சின்ன வயசில் அதைப் பார்த்து வெட்கப்பட்டதையும், அந்த அவமானத்தை அம்மா விழுங்கியதால்தான் தனக்குச் சோறு கிடைத்தது என்று பிறகு உணர்ந்ததையும் பட்லரே சொல்லியிருக்கிறார். பின்வாசல் என்றால் என்னவென்று நமக்கு யாரும் மொழிபெயர்த்துச் சொல்ல வேண்டியதில்லை.

நாவலில் டேனா என்கிற கறுப்பினப் பெண் 1976இல் லாஸ் ஏஞ்சல்ஸில் வாழ்கிறாள். திடீரென்று அவளை ஏதோ ஒன்று 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்துக்கு, மேரிலாந்து மாகாணத்தின் ஒரு அடிமைப் பண்ணைக்கு இழுத்துக்கொண்டு போகிறது. கருவி இல்லை, பேரவை இல்லை, கணக்கு இல்லை. ரூஃபஸ் என்கிற வெள்ளைக்காரப் பண்ணை முதலாளியின் மகன் எப்போதெல்லாம் சாகக் கிடக்கிறானோ அப்போதெல்லாம் இவள் போய்க் காப்பாற்ற வேண்டும். ஏன்? அவன்தான் இவளுடைய பாட்டனுக்குப் பாட்டன் வழியில் வருகிறவன். அவன் செத்துவிட்டால் இவள் பிறக்க முடியாது. அதைவிடக் கொடுமை: ஆலிஸ் என்கிற பெண்ணை ரூஃபஸ் வலுக்கட்டாயமாக வைத்துக்கொண்டு பெற்ற பிள்ளையிடமிருந்துதான் டேனாவின் வம்சம் வருகிறது. ஆலிஸ் சுதந்திரமாகப் பிறந்தவள், பிறகு அடிமையாக்கப்பட்டவள். ‘நீ அவளிடம் பேசி அனுப்பு’ என்று ரூஃபஸ் டேனாவிடமே கேட்கிறான். டேனா போய்ப் பேசுகிறாள்.

அந்தப் பக்கத்தில் புத்தகத்தை மூடி வைத்தேன். இரண்டு நாள் தொடவில்லை. காலக் காவல்படைக்காரன் வெளியாள். காரியத்தை முடித்துவிட்டுத் தன் அலுவலகத்துக்குத் திரும்பிவிடுவான். டேனா அந்தக் காயத்தின் பிள்ளை. தன் பிறப்பைக் காப்பாற்றவே அந்தக் காயத்தைக் காப்பாற்ற வேண்டியிருக்கிறது. நான் எனக்காக நைனாவை அந்தப் புளியமரத்தில் கட்டியே வைத்திருக்க வேண்டியிருக்கிற மாதிரி. பட்லர் இதற்குத் தீர்வு ஒன்றும் சொல்லவில்லை. கடைசியில் ரூஃபஸ் அவள் மேலேயே கை வைக்கும்போது அவனைக் குத்திவிட்டுத் திரும்புகிறாள். அவன் பிடித்திருந்த இடது கை அந்தப் பக்கமே நின்றுவிடுகிறது. அவள் வீடு வந்து சேரும் தேதி 1976 ஜூலை 4. அமெரிக்கா தன் சுதந்திரத்தின் இருநூறாவது ஆண்டைக் கொண்டாடிக்கொண்டிருந்த நாள்.

பிறகு டேனா கணவனோடு மேரிலாந்துக்குப் போய்த் தேடுகிறாள். ஒரு பழைய செய்தித்தாள்தான் கிடைக்கிறது. முதலாளி வீட்டோடு எரிந்து செத்தான் என்ற செய்தியும், விற்கப்படப்போகிற அடிமைகளின் பட்டியலும். மற்றதெல்லாம் போயே போய்விட்டது.

காலத்தின் காயத்தை ஆற்றுகிற ரகசியக் கூட்டம் ஒன்று அதே மேரிலாந்தின் அதே கடலோரப் பகுதியில் நிஜமாகவே இருந்தது. அங்கே டார்செஸ்டர் கவுண்டியில் அடிமையாகப் பிறந்த ஹாரியட் டப்மன் 1849இல் தப்பித்தார். தப்பித்தவர் அதோடு நிற்கவில்லை. சுமார் 13 தடவை திரும்பப் போய் ஏறக்குறைய 70 பேரைக் கூட்டிக்கொண்டு வந்தார். ராத்திரியில் நடை, பகலில் பதுங்கல். ஒரு வீட்டிலிருந்து அடுத்த வீட்டுக்கு, ஒரு கையிலிருந்து அடுத்த கைக்கு. அதற்குச் சுரங்க ரயில்பாதை என்று பேர். சுரங்கமும் இல்லை, ரயிலும் இல்லை, மனிதர்கள்தான். கூட வருகிறவர்கள் பிடிபட்டாலும் முழுச் சங்கிலியும் அறுந்துபோகக் கூடாது என்பதற்காக அடுத்த கையைப் பற்றி அதிகம் தெரிந்துவைத்துக்கொள்ள மாட்டார்கள். அவர்கள் பின்னால் போய் எதையும் மாற்றவில்லை. அன்றைக்கு ராத்திரி எந்தக் கட்டு கண்ணில் பட்டதோ அதை அவிழ்த்தார்கள்.

‘ராத்திரி யாரோ வந்து அவிழ்த்துவிட்டார்கள்.’ எங்க நைனாவின் கதையில் நான் நாற்பது வருஷமாகக் கேட்டுக்கொண்டிருந்த அந்த ஒரு வரி, டப்மனைப் பற்றிப் படித்த பிறகுதான் எனக்கு உறைத்தது. யார் அந்த யாரோ? நைனாவைக் கேட்டேன். “பொம்பளைதான். களி உருண்டை ஒண்ணு முந்தானையில முடிஞ்சி எடுத்தாந்திருந்தா” என்றார். பேர் என்ன என்றேன். “பேரு சொல்லமாட்டன்னு தலையில அடிச்சி சத்தியம் வாங்கிக்கினா. தெரிஞ்சா அவளைக் கட்டுவாங்க இல்ல?” என்றார். எத்தனையோ தடவை கேட்டும் சொல்லவில்லை. 2009இல் போய்ச் சேர்ந்தார். பேரும் அவரோடு போய்விட்டது.

2011இல் அந்தக் கிராமத்துக்குப் போனேன். ரோட்டை அகலப்படுத்துகிறோம் என்று புளியமரத்தை வெட்டிவிட்டிருந்தார்கள். அடிமரம்கூட இல்லை. பெரிய வீட்டுப் பேரன் மரியாதையாகத்தான் பேசினான். நாற்காலி போட்டான். “அப்படியெல்லாம் இங்க எதுவும் நடந்தது கிடையாதுங்க, எங்க தாத்தா காலத்துல எல்லாரும் ஒத்துமையா இருந்தாங்க” என்றான். அவன் பொய் சொல்கிற மாதிரி எனக்குத் தெரியவில்லை. அவனுக்கு நிஜமாகவே தெரியாது. நித்தியத்தின் ஆள் யாரோ வந்து டப்பாவை இடம் மாற்றி வைத்துவிட்டுப் போய்விட்டான். மரம் இல்லை, மத்தியானம் இல்லை, காயம் இல்லை. எல்லாம் ஆறிவிட்டது அவன் வீட்டில்.

சேரிக்குப் போனேன். எண்பது வயசு தாண்டின கிழவிகள் மூன்று பேர் இருந்தார்கள். முதல் ஆயாவிடம் கேட்டேன். “நான் இல்லப்பா, அந்த வூட்டு ஆயாவா இருக்கும்” என்று கையைக் காட்டினார். இரண்டாவது ஆயாவும் தான் இல்லை என்று சொல்லிவிட்டு மூன்றாமவரைக் காட்டினார். மூன்றாவது ஆயாவுக்குக் கண் சரியாகத் தெரியவில்லை. திண்ணையில் பக்கத்தில் உட்காரவைத்து, என் கையை எடுத்து மணிக்கட்டைத் தடவிப் பார்த்தார். தழும்பு தேடினார் போலிருக்கிறது. நான் நைனா பேரைச் சொல்லி, வருஷத்தைச் சொல்லி, மல்லாட்டைக் கொல்லை, களி உருண்டை எல்லாவற்றையும் சொன்னேன்.

ஆயா கொஞ்ச நேரம் சும்மா இருந்தார். பிறகு சொன்னார்: “எந்தப் பையன்னு கேக்கற? எத்தினி பேரைக் கட்டுனானுங்க. எத்தினி பேரை அவுத்து வுட்டோம்.”